கன்னத்து மச்சம்

அந்த போட்டோக் கடைக்காரருக்கு இரண்டு மகள்கள். மூத்தவள் ஒரு காய்ச்சலில் போய்ச் சேர்ந்து வருஷங்கள் ஆகின்றன. இளையவள் இருக்கிறாள். இருக்கிறாள் என்று யாராவது எடுத்துச் சொன்னால்தான் அவருக்கு ஞாபகம் வரும்.

செத்தவளுக்கு வயசு ஏற்றுவதில் மனுஷன் மும்முரம். மூத்தவள் பிறந்தநாள் வந்தால் சின்னவளை ஸ்டூலில் உட்காரவைத்துப் படம் எடுப்பார். கம்ப்யூட்டரில் கண்ணைப் பெரிதாக்கி, முடியைச் சுருட்டி, இடது கன்னத்தில் ஒரு மச்சம் வைப்பார். மூத்தவள் தயார்! சட்டம் போட்டு மாட்டிவிட்டு, "என்னமா வளந்துட்டா பாரு!" என்பார். நிஜமாக வளர்ந்தவள் ஸ்டூலிலிருந்து இறங்கிப் பாத்திரம் தேய்க்கப் போவாள்.

"ஏண்ணே, இவ படம் ஒண்ணு மாட்டினா செவுரு இடிஞ்சா விழுந்துடும்?" என்று அத்தை கேட்டாள்.

"இவளத்தான் தினமும் பாக்கறோமே."

பார்த்துக் கிழித்தார்.

பள்ளி முடிந்ததும் சின்னவளுக்கு நர்சிங் கல்லூரியில் இடம் கிடைத்தது, விடுதியோடு. அந்த வீட்டைவிட்டு வெளியேற அவளுக்கு இருந்த ஒரே வழி. அடையாள அட்டைக்கு அப்பாவே படம் எடுத்து உறையில் போட்டுக் கொடுத்தார். பெற்ற தகப்பனாச்சே என்று அவளும் பிரித்துப் பார்க்காமல் கொண்டுபோய்க் கொடுத்தாள்.

அலுவலகத்து அம்மாள் படத்தைப் பார்த்தாள், முகத்தைப் பார்த்தாள். "யாரு இது, உங்க அக்காவா?"

மச்சம் பளிச்சென்று இருந்தது. "ஆமா மேடம்."

"அக்கா படத்தக் குடுத்துட்டு நீ சேரப்போறியா? நல்லாருக்கே! நாளைக்குள்ள உன் படத்தோட வா. இல்லேன்னா இடம் அடுத்த ஆளுக்கு."

நேரே அப்பா கடைக்கு எதிரே இருந்த போட்டோக் கடைக்குப் போனாள்.

"என்னம்மா, அப்பா கடை இருக்க இங்க வந்திருக்க?"

"அங்க உயிரோட இருக்கறவங்கள எடுக்கறதில்ல அங்கிள்."

அவர் விளக்கைத் திருப்பினார். எடுத்து முடித்ததும், "லேசா டச்சப் பண்ணட்டுமா?"

"கைய வெச்சீங்க, காசு தரமாட்டேன்."

மறுநாள் இடம் உறுதியானது. பெட்டியோடு கிளம்பும்போது, மிஞ்சிய ஒரு படத்தை அப்பாவின் மேஜையில் வைத்தாள். அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு உற்றுப் பார்த்தார்.

"யாரும்மா இது? வெளிச்சம் நல்லா விழுந்திருக்கு."

"எதிர்க்கடை கஸ்டமர்பா."

"அப்படியா," என்று அதைத் தள்ளி வைத்தார். "ஏம்மா, பொறந்தநாளுக்கு வந்துடுவேல்ல? படம் எடுக்கணும்."

"யாரு பொறந்தநாளுக்குப்பா?"

அவர் சுவரைப் பார்த்தார். அவள் பெட்டியைத் தூக்கிக்கொண்டாள்.

"அத்தைய உக்கார வைங்க. முடியாவது சுருட்டையா இருக்கு."