மூன்று ஓடிபி

வயிற்றில் பாப்பா தங்கியதும் "இனி எதுக்கு?" என்று அழித்த ஆப்பை, மூன்று வருஷம் கழித்து அறிவுமதி மறுபடி போனில் ஏற்றினாள். மாதவிடாய்த் தேதிகளைக் குறித்து வைக்கிற ஆப் அது. ஏழு வருஷம் அவளுடைய வயிற்றுவலி, எரிச்சல், அழுகை எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, இப்போது "வணக்கம்! உங்கள் பெயர் என்ன?" என்று முன்பின் தெரியாதது போல விசாரித்தது.

அவளுக்குப் பழைய தேதிகள் வேண்டும். ஆறு மாதமாக ஒரு தடவை பதினேழே நாளில் வருகிறது, அடுத்த தடவை ஐம்பது நாளாகியும் காணோம். "குழந்தைக்கு முன்னாடி எப்படி இருந்துச்சு? குறிச்சு வச்சிருந்தா திங்கக்கிழமை எடுத்துட்டு வாங்க" என்று டாக்டர் சொல்லியிருந்தார். இன்று சனிக்கிழமை.

அவள் கணவன் வளவன் நல்ல மனுஷன். மிக்ஸி மக்கர் செய்தாலே ஸ்குரூ டிரைவரோடு வந்து நிற்கிற ஜாதி. ஆப்பின் உதவிப் பக்கத்தைத் திறந்து உரக்கப் படித்தான். நெட்டை அணைத்துப் போட்டான், ஆப்பை எடுத்துவிட்டுத் திரும்பப் போட்டான், தேதி நேரம் சரியா என்று பார்த்தான். கடைசியில், "எந்த நம்பர்ல ஆரம்பிச்ச? அந்த நம்பரைப் போடு, ஓடிபி வரும். அவ்ளோதான்" என்று சொல்லிவிட்டு, பாப்பாவைத் தூக்கிக்கொண்டு வேங்கிக்கால் கடைத்தெருவுக்குப் போய்விட்டான்.

அவ்வளவுதானாம்! அது எழிலுடைய நம்பர்.

காலேஜ் ஹாஸ்டலில் அவர்கள் அறையில் எழிலிடம் மட்டும்தான் அப்போது டச் போன் இருந்தது. ஆப்பை இறக்கியதும் எழில் தன் தேதியைப் போட்டாள். "உன்னுதும் சொல்லுடி, இடம் சும்மாதானே இருக்கு" என்று அறிவுமதியின் தேதியையும் அதிலேயே போட்டாள். அடையாளத்துக்குப் பக்கத்தில் 'அ' என்று ஒரு குறிப்பு. பாவம், அந்த ஆப்புக்கு என்ன தெரியும்? ஒரே பெண்ணுக்கு மாதத்தில் இரண்டு தரம் வருகிறதென்று பதறிப்போய், "உடனே மருத்துவரை அணுகவும்" என்று சிவப்பு எழுத்தில் மிரட்டியது. இரண்டு பேரும் கட்டிலில் உருண்டு உருண்டு சிரித்தார்கள். அப்படிச் சிரித்து எவ்வளவு காலமாயிற்று!

பௌர்ணமிக்குப் பௌர்ணமி ஹாஸ்டலே கிரிவலம் கிளம்பும். விலக்கானவர்கள் அறையில் இருந்துவிடுவார்கள். ஒரு சித்திரைப் பௌர்ணமிக்கு, இன்னும் ஐந்து நாள் இருக்கிறது என்று ஆப் அடித்துச் சொன்னதை நம்பிப் போனார்கள். பாதி வழியில், அடி அண்ணாமலை வந்ததும் எழில் அப்படியே நின்றுவிட்டாள்.

"திரும்பினாலும் ஏழு கிலோமீட்டர், நேரா போனாலும் ஏழு கிலோமீட்டர். இன்னாடி பண்றது?"

"மலை ஒண்ணும் உன்னைக் கேட்கல. நட" என்று சொல்லி, அறிவுமதி தன் துப்பட்டாவை எடுத்து அவள் இடுப்பில் கட்டிவிட்டாள். மீதி வழி முழுக்க ஆப்பைத் திட்டிக்கொண்டே நடந்தார்கள். படிப்பு முடிந்து அறிவுமதி சொந்தமாகப் போன் வாங்கிய பிறகும் அதே நம்பரில்தான் உள்ளே நுழைந்தாள். தனித்தனியாகப் பிரிக்க இரண்டு பேருக்கும் மனசு வரவில்லை.

பிரித்தது அறிவுமதியின் வளைகாப்பு. எழிலுக்குக் கல்யாணமாகி நாலு வருஷமாகியும் குழந்தை இல்லை. "வளையல் போடுற இடத்துல அந்தப் பொண்ணு எதுக்கு?" என்றாள் வளவனின் அம்மா சந்திரம்மாள். மாமியார் மேல் பழியைப் போட்டுவிடுவது சுலபம். அறிவுமதி வாயைத் திறந்திருக்கலாம். திறக்கவில்லை. கீழ்பென்னாத்தூரில் இருக்கிற எழிலுக்குப் பத்திரிகையும் போகவில்லை, போனும் போகவில்லை. அதன் பிறகு கூப்பிட இவளுக்கு முகம் இல்லை, அவளும் கூப்பிடவில்லை.

அறிவுமதி அந்தப் பத்து எண்ணையும் பார்க்காமலே அடித்து, 'ஓடிபி அனுப்பு' என்பதை அழுத்தினாள். எழிலுக்குப் போன் செய்து கேட்க வேண்டும். என்னவென்று தொடங்குவது? யோசித்து முடிப்பதற்குள் நேரம் காலாவதியாகிவிட்டது. மறுபடி அழுத்தினாள். மறுபடி யோசித்தாள். மூன்றாவது தரம் அழுத்திவிட்டு, வேண்டாம், தேதி இல்லை என்றே டாக்டரிடம் சொல்லிவிடலாம் என்று எழுந்தபோது போன் அடித்தது.

"மூணு ஓடிபி வந்துருக்கு. நீதானே?"

அதே குரல். "ம்" என்றாள் அறிவுமதி.

"எழுதிக்கோ. ஆறு, ஒண்ணு, எட்டு, எட்டு, மூணு, ரெண்டு."

"எதுக்குனு கேட்க மாட்டியா எழில்?"

"உன் தேதிதானே? அப்படியே இருக்கு. ஒண்ணையும் அழிக்கல. நீ போனதுக்கு அப்புறம் ஆப் நல்லா சரியாயிடுச்சு, கரெக்டா சொல்லுது."

சிரிப்பதற்காகச் சொன்னாளா, குத்திக்காட்டுவதற்காகச் சொன்னாளா என்று தெரியவில்லை. எண்ணைப் போட்டதும் மாதங்கள் ஒவ்வொன்றாக வந்து இறங்கின. ஹாஸ்டல் வருஷங்களில் சிவப்புப் புள்ளிகள் நெருக்கியடித்துக்கொண்டு இருந்தன. அறிவுமதி கர்ப்பமான மாதத்தோடு 'அ' நின்றுபோனது. பிறகு எழில் மட்டும் மாதா மாதம். விரல் தானாக வளைகாப்பு நாளில் போய் நின்றது. அன்றைக்கும் எழிலுக்கு வந்திருக்கிறது. பக்கத்தில் குறிப்பு: 'ஸ்டேட்டஸ்ல போட்டோ பாத்தேன். பச்சைப் புடவை அவளுக்கு நல்லா இருக்கு.'

அறிவுமதி வாயைப் பொத்திக்கொண்டாள். கண்ணீர் நிற்காமல் வந்தது.

"இருக்கியா?" என்றாள் எழில்.

இருந்தாள். இந்த மாதத்தைத் திறந்து பார்த்துக்கொண்டிருந்தாள். மேலே, "நாற்பத்தெட்டு நாள் தாமதம். கர்ப்பமாக இருக்கிறீர்களா?" என்று ஆப் கேட்டிருந்தது. ஆமாம், இல்லை இரண்டில் எதையும் எழில் அழுத்தவில்லை.

"எழில்... நாற்பத்தெட்டு நாளா?"

எழில் குரலைத் தாழ்த்திக்கொண்டாள்.

"ஸ்கேன் பார்த்தாச்சு. துடிப்பு இருக்குன்னாங்க. ஆனா ஆமான்னு அழுத்த பயமா இருக்குடி, ஏழு வருஷம் ஆச்சே. எனக்கும் அவருக்கும்தான் தெரியும். இப்ப உனக்கு."

"நான் பார்ப்பேன்னு தெரிஞ்சேதான் நம்பர் சொன்னியா?"

"வேற யார்கிட்ட சொல்லுவேன்?"

மன்னிப்பு கேட்க வேண்டும் என்று மூன்று வருஷமாகச் சேர்த்து வைத்திருந்த வார்த்தைகளில் ஒன்றுகூட அறிவுமதிக்கு நினைவுக்கு வரவில்லை. வந்தது வேறு.

"வளைகாப்புக்கு என்னைக் கூப்பிடுவியா?"

"கூப்பிடுவேன்" என்றாள் எழில். "கூப்பிடாம விட்டா எப்படி இருக்கும்னு எனக்குத் தெரியும்."