ஃபரீனின் இடது முழங்கை

என் மகளைப் பற்றி இந்த ஊரில் யாரைக் கேட்டாலும் நல்லதாகத்தான் சொல்வார்கள். கள்ளக்குறிச்சி பாத்திரக் கடை ஷேக் தாவூது மகள் ஃபரீன், மாநிலப் பளு தூக்கும் போட்டியில் மூன்று வருடம் தொடர்ந்து தங்கம், ஜூனியர் தேசியப் போட்டியில் ஒரு வெள்ளி. கடை வாசலில் அவள் படத்தைப் பெரிதாக மாட்டிவிட்டு, குக்கர் வாங்க வந்தவர்களைக்கூட நிறுத்தி வைத்து அவள் பெருமையைப் பேசுவார் என் வீட்டுக்காரர். குக்கர் வாங்காமலே போனவர்கள் உண்டு. ஆனால் நாங்கள் யாரிடமும் சொல்லாத ஒன்று இருந்தது. அவளுடைய இடது கை முழுதாக நீளாது. அதற்குக் காரணம் அவளைப் பெற்ற நான், இந்த அத்தியாதான் என்பதையும் நான் யாரிடமும் சொன்னதில்லை.

அவளுக்கு ஏழு வயதாக இருக்கும்போது வேன் பிடித்துக் குடும்பத்தோடு கல்வராயன் மலைக்குப் போனோம். பெரியார் அருவிப் பாறையில் வழுக்கி விழுந்து முழங்கை உடைந்துவிட்டது. எலும்புக்குக் கட்டுப் போடுகிறவரிடம் தூக்கிக்கொண்டு ஓடினோம். மூங்கில் தப்பை வைத்துக் கட்டி, நாற்பது நாளைக்கு அவிழ்க்கவே கூடாது என்றார். முப்பதாம் நாள் பெருநாள். புதுச் சட்டைக் கைக்குள் கட்டு நுழையவில்லை. பிள்ளை அழுதாள், எனக்கும் அவளுக்குப் போட்டுப் பார்க்க ஆசை. பத்து நாளில் என்ன குடி முழுகிவிடும் என்று அவிழ்த்துவிட்டேன். கை லேசாக வளைந்தே கூடிக்கொண்டது. நீட்டச் சொல்லிப் பார்த்தால்தான் தெரியும்.

அன்றிலிருந்து முழுக்கைச் சட்டை இல்லாமல் அவளை வாசல் தாண்ட விட்டதில்லை. பெண் பெற்றவர்களுக்கு ஒரு வழக்கம் உண்டு. கேட்டால் சொல்லலாம், கேட்காததை நாமாகச் சொல்லி வரனைக் கெடுத்துக்கொள்ளக் கூடாது. இதை யாரும் எனக்குச் சொல்லித் தரவில்லை. எல்லா வீட்டிலும் நடப்பதுதான்.

எட்டாவது படிக்கும்போது ஃபரீன் பளு தூக்கப் போகிறேன் என்று வந்து நின்றாள். ஒரு குடம் தண்ணீர் எடுத்து வைக்கச் சொன்னால் ஒன்பது சாக்குச் சொல்கிறவள். நான் சிரித்தேன். சங்கராபுரத்துப் பெண் தேவிப்ரியா, தானும் பளு தூக்கியவள், இங்கே ஒரு தகர ஷெட்டில் பயிற்சி கொடுத்துக்கொண்டிருந்தாள். அவள்தான் வீட்டுக்கே வந்து பேசி எங்களைச் சம்மதிக்க வைத்தாள். உடம்போடு ஒட்டிய முழுக்கை உடை போட்டுக்கொண்டு தூக்க அனுமதி உண்டு என்று சொன்னதும் நானும் சரி என்றேன்.

அந்த விளையாட்டில் ஒரு விதி இருக்கிறது. கம்பியைத் தலைக்கு மேலே தூக்கி நிற்கும்போது முழங்கை மடங்கியிருந்தால் அந்தத் தூக்கல் செல்லாது. அடிபட்டோ பிறவியிலோ கை நீளாதவர்கள், போட்டி ஆரம்பிப்பதற்கு முன்பே மூன்று நடுவர்களிடமும் போய்க் கையை நீட்டிக் காட்டிவிட வேண்டும். காட்டிவிட்டால் அந்த வளைவைக் குற்றமாக எடுத்துக்கொள்ள மாட்டார்கள். நாமக்கல், ஈரோடு, எங்கோ வடக்கே என்று ஃபரீன் போன இடத்திலெல்லாம் தேவிப்ரியா அவளை முதலில் நடுவர்களிடம்தான் கூட்டிப் போவாள். நான் அதைப் பற்றிக் கவலைப்பட்டதில்லை. நாமக்கல்லில் எங்களை யாருக்குத் தெரியும்?

இந்த வருடம் மாநிலப் போட்டியை எங்கள் ஊரிலேயே ஒரு கல்யாண மண்டபத்தில் வைத்தார்கள். இதில் ஜெயித்தால் தேசியப் போட்டி. ஜூனியரில் வாங்கிய வெள்ளி வேலைக்குச் செல்லாது, இதில் ஒரு பதக்கம் வாங்கினால் அரசாங்க வேலை கிடைக்க வழி இருந்தது. ஃபரீனுக்கு இருபத்து நாலு முடிகிறது. அந்த வேலைக்கு இருபத்தைந்துதான் வரம்பு. இந்த வருடம் தவறினால் அவ்வளவுதான். பதினோரு வருடமாக விடியற்காலையில் எழுந்து ஓடியதெல்லாம் இதற்காகத்தான் என்று எனக்கும் தெரியும்.

அதே சமயத்தில் திருக்கோவிலூரிலிருந்து ஒரு வரன் வந்திருந்தது. டைல்ஸ் கடை ஆசாத் பாய் மகன் சுஐப். தங்கமான பிள்ளை. ஒரு தடவை வந்து பெண் பார்த்துவிட்டுப் போனார்கள். போட்டியையும் ஒரு கண் பார்த்துவிட்டு மேற்கொண்டு பேசலாம் என்றார் அவன் அம்மா பாயிஸா. கை விஷயத்தை அவர்கள் கேட்கவில்லை. நானும் வாயைத் திறக்கவில்லை.

போட்டியன்று காலையில் முதல் வரிசையில் அவர்கள் வந்து உட்கார்ந்ததைப் பார்த்ததும் என் கண் நடுவர்களின் மேஜைக்குப் போனது. அதற்கும் அந்த வரிசைக்கும் பத்தடி இருந்தால் அதிகம். மணமகள் அறையைத்தான் வீராங்கனைகளுக்குக் கொடுத்திருந்தார்கள். உள்ளே போய் ஃபரீனைத் தனியாகக் கூப்பிட்டேன்.

"இன்னிக்கு ஒரு நாளு மட்டும் கைய காட்ட வாணாம்மா. அவங்க எதிர்லயே குந்திகினு இருக்காங்க."

காட்டாவிட்டால் தூக்கல் செல்லாது என்று சிவப்பு விளக்குப் போடுவார்கள் என்றாள். கொஞ்சூண்டு வளைவுதானே, யார் உற்றுப் பார்க்கப் போகிறார்கள் என்றேன். அவள் என்னையே பார்த்துக்கொண்டு நின்றாள். என்னிடம் அவள் எதையும் முடியாது என்று சொன்னதில்லை. அந்தத் தைரியத்தில்தான் நான் கேட்டேன், இப்போது நினைத்தால் வெட்கமாக இருக்கிறது. தேவிப்ரியா வேறு இரண்டு பெண்களுக்கு எடை போடும் இடத்தில் மாட்டிக்கொண்டிருந்தாள். ஓடி வந்தவள், நடுவர்களைப் பார்த்தாயிற்றா என்று கேட்டதற்கு, ஃபரீன் ஆமாம் என்று தலையாட்டினாள்.

முதல் முறை தொண்ணூற்றிரண்டு கிலோ. பயிற்சியில் அவள் சாதாரணமாகத் தூக்குகிற எடை. கம்பி ஒரே மூச்சில் மேலே போய் அசையாமல் நின்றது. மண்டபமே கை தட்டியது, நானும் தட்டினேன். விளக்கு எரிந்தது. இரண்டு சிவப்பு, ஒன்று வெள்ளை.

இரண்டாம் முறையும் அதே எடை, அதே சிவப்பு. தேவிப்ரியா நடுவர்களிடம் ஓடினாள், ஏதோ கேட்டாள், திரும்பி வந்து ஃபரீனின் கையைப் பிடித்தாள். ஃபரீன் தலையைக் குனிந்துகொண்டு இரண்டு வார்த்தை சொன்னாள். தேவிப்ரியா நிமிர்ந்து என்னைப் பார்த்தாள். அந்தப் பார்வையை நான் சாகும்வரை மறக்க மாட்டேன்.

ஆளுக்கு மூன்று முறைதான், மூன்றிலும் தோற்றால் மொத்தப் பட்டியலில் பெயரே வராது. அடுத்த தூக்கலுக்கு இரண்டு நிமிடம் இருந்தது. நான் எழுந்துவிட்டேன். வரன் வீட்டார் முன்னால் நடந்துபோய், மேஜையில் தலைமையாக உட்கார்ந்திருந்த அம்மாளிடம் நின்றேன்.

"எம்பொண்ணுக்கு எடது கை நீளாதுங்க. சின்ன வயசுல என்னாலதான் அப்பிடி ஆச்சி. காட்ட வாணாம்னு சொன்னதும் நான்தாங்க."

அந்த அம்மாள் கோபப்படவில்லை. ஆரம்பிப்பதற்கு முன்னால் வந்திருந்தால் ஒரு நிமிட வேலை, இனிமேல் தன்னாலும் மாற்ற முடியாது, மற்றப் பிள்ளைகளுக்கு நியாயமாக இருக்காது என்று மெதுவாகச் சொன்னார். நியாயம்தான். நான் அங்கேயே ஓரமாக நின்றுவிட்டேன்.

மூன்றாம் முறை ஃபரீன் அந்தக் கையை எப்படியாவது நேராக்கிவிடப் பார்த்தாள். மேலே போன கம்பி ஒரு பக்கம் ஆடியது. தோள் நடுங்கியது. கம்பி அவளுக்குப் பின்னால் விழுந்தது.

பாயிஸா என்னிடம் வந்தார். சம்பந்தம் வேண்டாம் என்று சொல்லத்தான் வருகிறார் என்று நினைத்தேன்.

"இதையா மறைச்சீங்க அக்கா? எம்புள்ள அவ வீடியோ ஒன்னு வுடாம பாத்துக்கினுதான இருக்கான். நாமக்கல்லுல மைக்குலயே சொல்லியிருக்காங்க. அப்பிடியாப்பட்ட கைய வெச்சிகினு இம்மாம் வெயிட்டு தூக்குறாளேன்னுதான் அவனுக்கு அவள புடிச்சிதே."

பிறகு மணமகள் அறைக்குப் போனேன். ஃபரீன் தரையில் உட்கார்ந்து விரலில் சுற்றிய டேப்பைப் பிரித்துக்கொண்டிருந்தாள். தேவிப்ரியா என்னைப் பார்த்ததும் வெளியே போய்விட்டாள். மன்னிப்புக் கேட்டேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். அவர்களுக்கு எல்லாம் தெரியுமாம், சம்பந்தத்துக்கு ஒன்றும் குறைவில்லை என்று, ஏதோ நல்ல செய்தி கொண்டுவந்தவள்போல அதையும் சொன்னேன்.

அவள் டேப் முழுவதையும் பிரித்து முடித்தாள்.

"இந்தக் கைய ஒரு குறைன்னு நான் நெனச்சதே இல்லம்மா. எல்லா ஊர்லயும் நானே நீட்டிக் காட்டிட்டு வந்துதான் தூக்குவேன். காலைல நீ சொன்னப்புறம்தான் குறைன்னு தோணுச்சி. கம்பி மேல போவும்போது அது ஒன்னுதான் ஞாபகத்துல இருந்துச்சி."

பக்கத்தில் உட்கார்ந்து அவளுடைய இடது கையை எடுத்து என் மடியில் வைத்துக்கொண்டேன். அவள் கோபத்தில் இழுத்துக்கொண்டிருந்தால் நான் தாங்கியிருப்பேன். நான் கேட்டதை எப்போதும் கொடுக்கிறவள் அந்தக் கையையும் கொடுத்துவிட்டு, சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.