ஐம்பது விநாடி முன்னால்

அந்த வீட்டில் ஹாக்கி கேட்பதற்கு இரண்டு வழிகள் இருந்தன. இரண்டும் ஒன்றுக்கொன்று ஒத்துவராது.

ஒன்று, உள் அறை ஜன்னலோரத்து ரேடியோ. அதன் ஏரியல் எப்போதோ ஒடிந்துபோனது. மிச்சமிருந்த முளையில் ஒரு செம்புக் கம்பியைச் சுற்றி, மறுமுனையை ஜன்னல் கம்பியில் கட்டியிருந்தார்கள். முள்ளை மயிரிழை அளவுக்குத் திருப்பிவிட்டு, ஒரு கையால் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றால் வர்ணனை கணீரென்று வரும். கையை எடுத்தால் அடைமழை பெய்வதுபோல இரைச்சல். அதனால் மேட்ச் முடியும்வரை யாராவது ஒருத்தர் கம்பியைப் பிடித்தபடி நிற்கவேண்டும். அது எப்போதும் வீட்டின் சின்னவள்தான். பதினைந்து வயது. அண்ணன் அவளை எலி என்று கூப்பிடுவான். "எலிக்கு இன்னைக்கு ஒன்றரை மணி நேரம் ஜெயில்" என்று சொல்லிவிட்டுத்தான் மேட்ச்சுக்குக் கிளம்புவான்.

இன்னொன்று, வெளி அறையில் அம்மாவின் போன். அம்மா தையல்காரி. ரேடியோவை அவள் பக்கத்தில் வைத்தால், மெஷின் மோட்டார் ஓடும்போதெல்லாம் அதில் கொர்ர்ரென்று குறட்டை கேட்கும். ஆகவே துணிக் குவியலுக்கு மேலே போனைச் சாய்த்து வைத்து, அதே வானொலியின் அதே வர்ணனையை அதில் கேட்பாள். ஒரே குறை, போனில் வருவது தாமதமாக வரும். அண்ணன் ஒருநாள் கடிகாரத்தை வைத்துக்கொண்டு அளந்து பார்த்தான். சரியாக ஐம்பது விநாடி.

போன வருஷம் ஒரு மேட்ச்சில் சின்னவள் உள்ளேயிருந்து "கோல்!" என்று கத்திவிட்டாள். அம்மாவின் போனில் அப்போதுதான் பந்து நடு மைதானத்தில் உருண்டுகொண்டிருந்தது. "முடிவச் சொல்லிட்டு அப்புறம் கதை கேக்கச் சொல்றியா?" என்று அம்மா பாய்ந்தாள். அன்றைக்கே சட்டம் போடப்பட்டது. மேட்ச் நேரத்தில் உள் அறைக் கதவு சாத்தியிருக்கவேண்டும். ரேடியோ சத்தம் குறைவாக இருக்கவேண்டும். என்ன நடந்தாலும் சின்னவள் வாயைத் திறக்கக்கூடாது.

வாயைத் திறக்காமல் இருப்பதில் அவள் நன்றாகவே தேறிவிட்டாள். அதுதான் இப்போது வினையாகிவிட்டது.

அண்ணன் துறைமுகத்து அணியின் கோல்கீப்பர். துறைமுகத்திலேயே தற்காலிக வேலை. இந்த லீக் முழுவதும் ஒழுங்காக ஆடினால் வேலை நிரந்தரம் என்று அணி மேனேஜர் சொல்லியிருந்தார். இன்றைய அரையிறுதியில் வெளியே உட்காரவைத்துவிட்டால் போச்சு. அந்த இடத்துக்கு இன்னொருத்தன் வாசலிலேயே காத்திருக்கிறான்.

ஆறு நாள் முன்பு பயிற்சியில், அண்ணன் ஹெல்மெட்டைக் கழற்றிவிட்டுத் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தபோது, யாரோ சும்மா அடித்த பந்து அவன் காதுக்கு மேலே பட்டது. அன்று சாயங்காலம் அவன் குளியலறைக் குழாயை முழுசாகத் திறந்துவிட்டு வாந்தி எடுத்தான். இரண்டு தடவை. கதவுக்கு வெளியே நின்ற சின்னவளுக்குக் கேட்டுவிட்டது.

"அம்மாகிட்ட சொன்னே, நான் உனக்கு அண்ணனே இல்ல" என்றான், முகத்தைத் துடைத்துக்கொண்டே. அவன் கேலி பேசும்போது இடது புருவம் ஏறும். அன்றைக்கு ஏறவில்லை.

மறுநாள் காலை பிரஷ்ஷைக் கையில் வைத்துக்கொண்டு அவளிடம் கேட்டான்: "ஏய் எலி, நான் பல்லு தேச்சுட்டேனா?" வாயோரம் நுரை இருந்தது. அவள் தேய்த்துவிட்டாய் என்றாள். ஒரு நிமிஷம் கழித்து மறுபடி கேட்டான்.

அதற்குப் பிறகு அவன் சரியாகத்தான் இருந்தான். சாப்பிட்டான், சண்டை போட்டான். சரியாகிவிட்டது என்று அவளும் தனக்குத் தானே சொல்லிக்கொண்டாள். பகலில் நம்ப முடிந்தது. படுத்தால் முடியவில்லை.

இப்போது சாயங்காலம் ஐந்தேகால். ஜன்னல் கம்பி அவள் உள்ளங்கை வியர்வையில் வழுக்கியது.

கோல்கீப்பரின் தங்கையாக ரேடியோ கேட்பது தனிக் கஷ்டம். முன்னால் ஓடுகிறவர்களின் பேர் எப்போதும் கேட்கும். கோல்கீப்பர் பேர் பந்து அவன்மேல் வரும்போதுதான் கேட்கும். பேச்சே இல்லையென்றால் நல்லாயிருக்கிறான் என்று அர்த்தம்.

வர்ணனையாளருக்கு அண்ணன் வைத்த பேர் கரகரப்பு மாமா. அவர் அண்ணனுக்கு வைத்த பேர் இரும்புக் கதவு. துறைமுகம் ஒன்று, எதிரணி பூஜ்யம் என்ற நிலையில் மாமாவின் குரல் திடீரென ஏறியது.

"பெனால்டி கார்னர்! அடிச்சாச்சு... இரும்புக் கதவு பாய்ஞ்சாச்சு... தடுத்துட்டார்! அய்யய்யோ, தலை போய்க் கம்பத்துல மோதின மாதிரி தெரியுது. படுத்துக் கிடக்கார்..."

சின்னவள் ரேடியோவுக்குக் கிட்டே குனிந்தாள். எழுந்திரு. எழுந்திருடா.

"எழுந்துட்டார்! கையைக் காட்டுறார், ஒண்ணுமில்லையாம். ஹெல்மெட் எதுக்கு இருக்கு, சொல்லுங்க!"

அவள் கதவைப் பார்த்தாள். அதற்கு அப்பால் மெஷின் கடகடவென்று ஓடிக்கொண்டிருந்தது. அம்மாவின் உலகத்தில் அண்ணன் இன்னும் விழவில்லை. அவன் விழுந்ததிலிருந்தே அவள் எண்ணிக்கொண்டிருந்தாள். நாற்பத்தெட்டு, நாற்பத்தொன்பது. மெஷின் சட்டென்று நின்றது. பிறகு "அப்பாடா" என்றது அம்மாவின் குரல். மெஷின் மறுபடி ஓடியது.

அப்போதே போய்ச் சொல்லியிருக்கலாம். கால் நகரவில்லை. எழுந்துவிட்டானே, கையைக் காட்டினானே. நிரந்தரம் ஆகப்போகிற வேலையை ஒரு வார்த்தையில் உடைத்துவிட்டு, அப்புறம் அவன் முகத்தில் எப்படி விழிப்பது?

இடைவேளையில் சோப்பு விளம்பரமும் சிமெண்டு விளம்பரமும் மாறி மாறி வந்தன. பிறகு கரகரப்பு மாமா சிரித்துக்கொண்டே திரும்பி வந்தார்.

"நேயர்களே, இப்படி ஒரு கூத்தை நான் பார்த்ததே இல்ல! இடைவேளைக்கு அப்புறம் ரெண்டு அணியும் பக்கம் மாறணும் இல்லையா? நம்ம இரும்புக் கதவு பழைய கோலுக்கே போய் நின்னுட்டார்! எதிரணி கீப்பரும் அங்கேயே வந்து நிக்கறார். ஒரு கோலுக்கு ரெண்டு காவல்காரங்க! இடத்தைக் காலி பண்ணுய்யான்னு அவர் சொல்றார், நம்ம ஆளு நகர மாட்டேங்கறார்... அம்பயர் வந்து கையைப் பிடிச்சு அழைச்சிட்டுப் போறார், பள்ளிக்கூடப் பிள்ளைய அழைச்சிட்டுப் போற மாதிரி!"

மைதானமே சிரிப்பது ரேடியோவில் கேட்டது.

அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. பிரஷ்ஷும் நுரையும் கண்முன் வந்தன. நான் பல்லு தேச்சுட்டேனா?

கம்பியிலிருந்து கை நழுவியது. ரேடியோவில் அடைமழை கொட்டியது.

கதவைத் திறந்துகொண்டு வெளியே ஓடினாள். அம்மா நீல நிறச் சீருடைக் குவியலுக்கு நடுவில் உட்கார்ந்திருந்தாள். அவளைக் கண்டதும் இரண்டு கையாலும் காதைப் பொத்திக்கொண்டாள்.

"போ, போ உள்ளே! சொல்லாதே! சட்டம் சட்டம்தான்!"

"அம்மா, கோல் இல்லம்மா..."

"கோல் இல்லேங்கறதையும் சொல்லாதே! இனிமே நான் எதைக் கேக்கறது? கதவச் சாத்துடி!" அம்மாவுக்குச் சிரிப்பும் எரிச்சலுமாக இருந்தது. காலால் மோட்டார் பெடலை அழுத்தினாள். மெஷின் இரைந்தது.

சின்னவள் குனிந்து மெஷினின் பிளக்கைச் சுவரிலிருந்து பிடுங்கினாள்.

அந்த அமைதியில் அம்மா காதிலிருந்து கையை எடுத்தாள். மகளின் முகத்தை அப்போதுதான் பார்த்தாள்.

"அண்ணனுக்குத் தலையில அடிபட்டுடுச்சும்மா. இன்னைக்கு இல்ல, ஞாயித்துக்கெழமையே. ஹெல்மெட் இல்லாம இருந்தப்போ. ரெண்டு தடவ வாந்தி எடுத்தான். சொல்லக்கூடாதுன்னான். இப்போ எந்தக் கோல்ல நிக்கணும்னு அவனுக்குத் தெரியலம்மா. எல்லாரும் சிரிக்கறாங்க."

அம்மா எதுவும் கேட்பதற்குள் துணிக் குவியல் மேலிருந்த போன் சிரித்தது. "நேயர்களே, இப்படி ஒரு கூத்தை நான் பார்த்ததே இல்ல!"

அம்மா அதை முழுக்கக் கேட்டாள். பள்ளிக்கூடப் பிள்ளை வரைக்கும். அவள் மடியிலிருந்த சட்டை நழுவித் தரையில் விழுந்தது.

"ஆறு நாளா?" என்றாள். "ஆறு நாளா இந்த வயித்துக்குள்ள வெச்சுக்கிட்டா என்கூட உக்காந்து சோறு தின்னே?"

"அவன் என் அண்ணனே இல்லேன்னு சொல்லிடுவான்மா."

"அதைச் சொல்றதுக்காவது அவன் இருக்கணும். மேனேஜர் நம்பர் எங்கே?"

காலண்டருக்குப் பின்னால் பென்சிலால் எழுதியிருந்தது. அம்மா எண்ணை அழுத்தியதும் போனிலிருந்த வர்ணனை அறுந்துபோனது. இருவரும் உள் அறைக்கு ஓடினார்கள். சின்னவள் பாய்ந்து ஜன்னல் கம்பியைப் பிடித்தாள். கரகரப்பு மாமா திரும்பி வந்தார்.

"...எதிரணி மறுபடியும் இடது பக்கமா வர்றாங்க..."

போனில் மணி அடித்துக்கொண்டே இருந்தது. யாரும் எடுக்கவில்லை.

"...உள்ளே வந்தாச்சு, அடி... கோல்! ஒண்ணுக்கு ஒண்ணு! இரும்புக் கதவு அசையவே இல்லையே! பந்து வர்றதைப் பார்க்காத மாதிரி நின்னாரே!"

"எடுடா, எடு" என்று அம்மா பல்லைக் கடித்தாள். மேனேஜர் அவளைவிடப் பத்து வயது பெரியவர். மறுபடி அழுத்தினாள். சின்னவள் கம்பியை விடவில்லை.

"இந்த நேரத்துல துறைமுகத்து மேனேஜர் என்ன பண்றார் பாருங்க நேயர்களே, பாக்கெட்டுலேர்ந்து போனை எடுக்கறார்! கோல் விழுந்த துக்கத்துல வீட்டுக்குப் பேசறார் போலிருக்கு!"

"ஐயா, நான் உங்க கோல்கீப்பரோட அம்மா" என்றாள் அம்மா. அவள் குரல் துணி அளவெடுக்கும்போது இருப்பதுபோலத் திட்டமாக இருந்தது. "அவனை உடனே வெளியே கூப்பிடுங்க. ஞாயித்துக்கெழமை தலையில அடி. வாந்தி எடுத்திருக்கான். இன்னைக்குக் கம்பத்துலயும் மோதியிருக்கான்... வேலையெல்லாம் அப்புறம் பேசிக்கலாம், ஐயா. மொதல்ல புள்ளையக் கூப்பிடுங்க."

ரேடியோவில் மாமாவின் சிரிப்பு குறைந்துகொண்டே வந்தது.

"மேனேஜர் ஓடறார். மைதானத்துக்குள்ளேயே ஓடறார். ஆட்டம் நின்னிருக்கு. இரும்புக் கதவு வரமாட்டேன்னு தலையை ஆட்டறார்... ரெண்டு பேர் தோளைப் பிடிச்சிருக்காங்க. இப்போ... உக்காந்துட்டார். நடு மைதானத்துல அப்படியே உக்காந்துட்டார். டாக்டர் உள்ளே போறார். என்னன்னு தெரியல, நேயர்களே."

முதல் தடவையாக அம்மாவும் மகளும் ஒரே நேரத்தில் ஒரே செய்தியைக் கேட்டார்கள். இடையில் ஐம்பது விநாடி இல்லை. அம்மா வந்து அவள் கைக்கு மேலே தன் கையை வைத்து அந்தக் கம்பியைப் பிடித்துக்கொண்டாள்.

புதுக் கீப்பர் வந்தான். ஆட்டம் தொடர்ந்தது. அதற்குப்பின் அண்ணனைப்பற்றிப் பேச்சே இல்லை. பேச்சு இல்லையென்றால் நல்லாயிருக்கிறான் என்கிற கணக்கு இனிமேல் செல்லாது.

பஸ் டிப்போவில் வேலையிலிருந்த அப்பாவுக்கு அம்மா போனில் சொல்லி முடித்தபோது, மேனேஜர் எண்ணிலிருந்து போன் வந்தது. பின்னணியில் ஆம்புலன்ஸ் ஒலி.

"டாக்டர் கேக்கறார். ஞாயித்துக்கெழமை எத்தனை மணிக்கு அடிபட்டது? மயக்கம் போட்டானா? வாந்தி எப்போ? அவனைக் கேட்டா ஒண்ணும் சரியா சொல்லமாட்டேங்கறான்."

அம்மா போனைச் சின்னவள் காதில் வைத்தாள். அவள் எல்லாவற்றையும் சொன்னாள். குழாய்ச் சத்தத்தைச் சொன்னாள், பிரஷ்ஷைச் சொன்னாள். இடையில் டாக்டரே போனை வாங்கிக்கொண்டார். "நல்ல வேளை சொன்னேம்மா. போனதும் ஸ்கேன் எடுக்கறோம். அதுக்கு அப்புறம்தான் எதுவும் சொல்லமுடியும்" என்றார்.

பிறகு அண்ணனின் குரல் வந்தது. தூக்கத்தில் பேசுகிறவன்போல.

"எலியா?"

"ஆமாண்ணா."

"நான் ஏன் வண்டியில போறேன்? யாரு சொன்னது?"

ஆறு நாளாக அவள் பயந்த கேள்வி. "நான்தான்" என்றாள்.

"ஓ" என்றான். திட்டுவான் என்று காத்திருந்தாள். "கோல் எத்தனை?"

"ஒண்ணுக்கு ஒண்ணு. இன்னும் நடக்குது."

"ஓ... எலியா பேசறது?"

"ஆமாண்ணா."

"நான் ஏன் வண்டியில போறேன்? யாரு சொன்னது?"

அம்மா அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். ரேடியோவில் அடைமழை இரைந்தது. கம்பியை இருவருமே விட்டுவிட்டிருந்தார்கள்.

நீ திட்டினால் போதும், என்று அவள் நினைத்தாள். நாளைக்குக் காலையில் இதை ஞாபகம் வைத்துக்கொண்டு, புருவத்தை ஏற்றாமல், நீ என் தங்கச்சியே இல்லை என்று சொன்னால் போதும்.

"நான்தான்டா" என்றாள் சத்தமாக. "எலி. நான்தான் சொன்னேன். மறந்துடாதே."