மிளாவின் மடி

முகிலைத் தலையிலே சுமந்து, அருவியை மார்பிலே வழியவிட்டு, சாரலுக்குள் பாதி மறைந்து நிற்கும் குற்றால மலையின் அடிவாரத்தில், விடுதிகளின் விளக்குகள் ஒவ்வொன்றாய் ஒளிரத் தொடங்கும் அந்திப்பொழுதில், ஊரெல்லைக்கு அப்பால் நின்ற ஒற்றை ஓட்டுவீட்டிலிருந்து எழுந்த குழந்தையின் அழுகுரலை, அன்புடையீர், நீங்கள் கேட்டிருந்தால் அன்று உங்களுக்குச் சோறு இறங்கியிராது. பிறந்து நாற்பதே நாளான அப்பெண்மகவுக்குத் தாய் உமாதேவியிடம் பால் வற்றிப்போயிருந்தது. புட்டிப்பாலையோ அது உமிழ்ந்துவிட்டது.

அருவிக்கரையில் எண்ணெய் தேய்த்துவிடும் அவள் கணவன் மாடக்கண்ணு, இரு நாள் முன்பு, வேட்டை விலக்கப்பட்ட காட்டுக்குள் போய், வாழையிலையில் பொதிந்த மான்கறியோடு திரும்பியிருந்தான்.

“கெடா மிளாதாம்ட்டி. பாறையில வழுக்கி விழுந்து கெடந்துச்சு. ஆக்கித் தின்னு, பால் ஊறும்.”

மிளாவின் இறைச்சியை உமாதேவி நன்கறிவாள். கொழுப்பில்லாத அது கடுந்தீயில் கட்டையாகிவிடும் என்பதனால், நல்லெண்ணெயும் மிளகும் சின்ன வெங்காயமும் கூட்டிச் சிறுதீயில் அதன் நீரிலேயே வேகவைத்து உண்டாள். எஞ்சியதை மெல்லிய கீற்றுகளாய் அரிந்து, மஞ்சளும் உப்பும் தடவி, வெயில் காணாத சாரற்காலமாதலால், பின்தாழ்வாரத்து அடுப்புக்கு மேலே கயிற்றில் கோத்துப் புகையில் தொங்கவிட்டாள். பால் ஊறவில்லை. உப்புக்கண்டமும் உலரவில்லை. ஒவ்வொரு கீற்றின் நுனியிலும் வெண்துளி திரண்டு சொட்டியது. உப்புநீர்தான் என்று தன்னைத் தேற்றிக்கொண்டாள். தரையில் விழுந்த அதுவோ தயிர்போல் உறைந்தது.

மூன்றாம் நாள் அந்தியில் தாழ்வாரத்தில் ஏதோ அசையும் ஓசை கேட்டுக் கைப்பேசி விளக்கை நீட்டினாள். மிளாக்கன்று ஒன்று கழுத்தை உயர்த்தி, தாழத் தொங்கிய கண்டத்தை நக்கிக்கொண்டிருந்தது. காட்டுமான்கள் உப்பைத் தேடி வருமென்று அவள் அறிவாள்; ஆயினும் தாயின்றித் தனியே வந்த கன்றை அவள் கண்டதில்லை. கன்று அவளை நோக்கி மெல்லக் கத்தியது. அந்நொடியே அவள் மார்பு நனைந்தது.

ஓடிச்சென்று பிள்ளையை மடியில் கிடத்தினாள். கன்றின் குரல் கேட்டவரை பால் சுரந்தது. குரல் ஓய, பாலும் நின்றது. திரும்பி வந்து பார்த்தபோது, ஈரமண்ணில் குளம்பின் தடம் ஒன்றுகூட இல்லை.

“நெசத்தச் சொல்லுங்க. அதுக்கு மடி இருந்துச்சா?” என்றாள் இரவு வீடு திரும்பிய கணவனிடம்.

அவன் தலைகுனிந்தான். “இருந்துச்சுட்டி. அங்கனயே அறுத்துப் போட்டுட்டேன். தெரிஞ்சா நீ தொடமாட்டேல்லா. பிள்ள அழுததப் பாக்க முடியல.”

கண்டங்களை அவிழ்த்துப் புதைத்துவிட எழுந்தாள். தொட்டிலில் மகவு பசித்துச் சிணுங்கியது. கயிற்றைத் தொட்ட கை நின்றது.

இன்றும் அந்திதோறும், நக்கி வெளுத்த அக்கண்டங்களுக்கு உமாதேவி புது உப்புத் தடவுகிறாள். கன்று வருகிறது, கத்துகிறது. மகள் வயிறார உண்டு உறங்குகிறாள். தாயற்ற ஒன்றை நாள்தோறும் ஏமாற்றி அழைத்தே தன் பிள்ளையை வளர்க்கிறோம் என்பதை அவள் அறிவாள். அறிந்தும், கண்ணீர் பட்டு உப்புக் கரைந்துவிடாதபடி, முகத்தைத் திருப்பிக்கொண்டுதான் தடவுகிறாள்.