வலது கால் மெட்டி

என் காலைப் பற்றி என்னைத் தவிர எல்லோருக்கும் ஒரு கருத்து இருக்கிறது. ஆரம்ப சுகாதார நிலையத்து நர்ஸம்மாவுக்கு இருக்கிறது. ஓமலூரில் கட்டிக்கொடுத்த என் மகள் கோகிலவாணிக்கு, காலைப் பார்க்காமல் போனிலேயே இருக்கிறது. காலுக்குச் சொந்தக்காரியான எனக்குத்தான் அங்கே என்ன நடக்கிறது என்று தெரிவதில்லை. முள் குத்தினாலும் தெரியாது, சுடுதண்ணீர் பட்டாலும் தெரியாது. கணுக்காலுக்குக் கீழே வேறு யாரோ வாடகைக்கு இருக்கிற மாதிரி இருக்கிறது.

என் பெயர் சௌந்திரம். சொந்த ஊர் பனமரத்துப்பட்டி. நானும் என் வீட்டுக்காரர் பச்சமுத்துவும் நாமக்கல் பக்கம் ஒரு கோழிப்பண்ணையில் வேலை செய்தோம். அதற்கு முன்னால் அவர் போர்வெல் வண்டி ஓட்டிக்கொண்டிருந்தார். சுகர் அவர் கண்ணைப் பிடித்தது. எதிரே வருகிற வண்டியின் வெளிச்சத்தில் ரோடே தெரியவில்லை என்றதும், யார் மேலாவது ஏற்றிவிடுவோம் என்று பயந்து அவராகவே வேலையை விட்டுவிட்டார். பண்ணையில் ஜோடியாகத்தான் ஆள் எடுப்பார்கள். அவர் தீவனம் போட வேண்டும், நான் முட்டை எடுக்க வேண்டும், குடியிருக்க ஒரு லைன் வீடு தருவார்கள். இரண்டு பேரில் ஒருவர் படுத்துவிட்டால் மற்றவருக்கும் வேலை இல்லை, வீடும் இல்லை. அதனால் எங்கள் லைனில் யாருக்கும் உடம்புக்கு ஒன்றும் வருவதில்லை. வந்தாலும் வெளியே சொல்வதில்லை.

சுகர் மட்டும் எல்லா வீட்டிலும் இருக்கிறது. நான் சின்னப் பெண்ணாக இருந்தபோது இதைப் பணக்கார வியாதி என்பார்கள். இப்போது ரேஷன் அரிசிச் சோற்றை மூன்று வேளையும் தின்கிற எங்களையும் தேடி வந்துவிட்டது. மாத்திரை வாங்கப் போகிற நாளில் சுகாதார நிலையத்தில் தேர்த்திருவிழா மாதிரி கூட்டம் நிற்கும். ஒருமுறை வெளியூர் டாக்டர் ஒருவர் வந்து மைக்கில் பேசினார். இது நமக்கு மட்டும் வந்த கஷ்டம் இல்லை, உலகம் முழுக்க இருக்கிறது, பெரிய பெரிய நாடுகளே இதற்குச் செலவு செய்து மாளாமல் திணறுகின்றன என்றார். எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. உலகம் முழுக்க இருந்தால் எனக்கென்ன? மாத்திரைக்காக நான் லீவு போட்டால் உலகமா வந்து என் ஷெட்டில் முட்டை எடுக்கப்போகிறது?

அன்றைக்குத்தான் நர்ஸம்மா என் காலைப் பார்த்துவிட்டார். வலது கால் இரண்டாம் விரல் கத்தரிக்காய் நிறத்தில் வீங்கியிருந்தது. மெட்டி சதைக்குள் இறங்கி, மேலே ஒரு வெள்ளிக் கோடு மட்டும் தெரிந்தது.

"என்னம்மா இது? ரத்த ஓட்டமே இருக்காது போல. மொதல்ல இந்த மெட்டியக் கழட்டுங்க."

"அது வேண்டாமுங்க."

"விரல் போயிரும்மா."

"விரலு போனா இன்னும் ஒம்பது இருக்குதுங்க. அவரு ஒருத்தருதானுங்களே."

நர்ஸம்மாவுக்கு முதலில் சிரிப்பு வந்தது, பிறகு கோபம் வந்தது. வெளியே நின்றிருந்த என் வீட்டுக்காரரைக் கூப்பிட்டு, இனிமேல் தினமும் இந்தம்மாவின் பாதத்தை நீங்கள்தான் பார்க்க வேண்டும், இந்தம்மாவுக்குக் குனிந்து பார்க்க முடியாது, பட்டாலும் தெரியாது என்று சொல்லி அனுப்பினார். அவர் தலையை ஆட்டிக்கொண்டு வந்தார்.

சிரிக்கிறவர்கள் சிரிக்கட்டும். எனக்குக் காரணம் இருக்கிறது. இரண்டு வருஷத்துக்கு முன்னால், இதற்கு முந்தின பண்ணையில் இருந்தபோது, இடது கால் மெட்டி தேய்ந்து கம்பி மாதிரி ஆகிவிட்டது. நாமக்கல்லில் ஒரு வெள்ளிக்கடையில் அதைக் கழற்றிக் கொடுத்துவிட்டு, மாற்று மெட்டிக்காக உட்கார்ந்திருந்தேன். விரல் வெறுமையாக இருந்தது. அப்போதுதான் போன் வந்தது. அவர் தீவன மூட்டை மேலேயே சாய்ந்துவிட்டாராம், சட்டையைப் பிழிகிற மாதிரி வேர்வையாம். மாரடைப்பு. வலியே இல்லை, வாயு என்றுதான் நினைத்தேன் என்றார் ஆஸ்பத்திரியில். சுகர் இருந்தால் வலி தெரியாமலே வரும் என்று டாக்டர் விளக்கமாகச் சொன்னார். அவர் சொன்னது எனக்கும் புரிந்தது. ஆனால் அத்தனை வருஷம் வராதது, என் விரல் வெறுமையாக இருந்த அந்த ஒரு மணி நேரத்தில் ஏன் வந்தது என்று அவர் சொல்லவில்லை. நான் கேட்கவும் இல்லை.

நர்ஸம்மா சொன்ன அன்று சாயங்காலம் என் வீட்டுக்காரர் டார்ச்சை எடுத்துக்கொண்டு வந்து நின்றார்.

"காலக் காட்டு புள்ள."

"போங்க அக்கட்ட. ஆம்பள வந்து பொம்பள காலத் தொடுறதா? எனக்குத்தான் பாவம் புடிக்கும்."

"நர்ஸம்மா சொல்லுச்சே."

"அந்தம்மாவுக்கென்ன, சொல்லும். நீங்க தொட்டீங்கன்னா நான் சோறு திங்கமாட்டேன்."

சுகர்காரி சோறு தின்னாவிட்டால் மயங்கி விழுவாள் என்பது அவருக்குத் தெரியும். டார்ச்சை அணைத்துவிட்டுப் போய்விட்டார். மறுநாளும் வந்தார், அதற்கு மறுநாளும் வந்தார். நான் காலைச் சேலைக்குள் இழுத்துக்கொண்டே இருந்தேன். அப்புறம் அவரும் விட்டுவிட்டார். கேட்டுக் கேட்டு அலுத்துப்போயிருக்கும். இந்த வியாதியில் அலுப்புதான் பெரிய பாடு. ஒருநாள் இரண்டு நாள் என்றால் யாரும் கவனமாக இருந்துவிடலாம். சாகிற வரைக்கும் கவனமாக இருக்க யாருக்குத் தெம்பு இருக்கிறது?

ஒருநாள் காலை முட்டை அட்டைகளை வண்டியில் அடுக்கித் தள்ளிக்கொண்டு போனேன். பின்னால் சூப்பர்வைசர் தனபால் சத்தம் போட்டார்.

"யாரு காலுங்க இது? சிமெண்ட் தரை பூராவும் ரத்தம்!"

திரும்பிப் பார்த்தேன். கூண்டு வரிசைக்கு நடுவே, நான் வந்த வழியெல்லாம் சிவப்பாக ஈரம். செருப்பைத் தாண்டி வழிந்திருக்கிறது. எனக்கு ஒன்றுமே தெரியவில்லை. அதற்குள் தீவன வாளியைக் கீழே வைத்துவிட்டு என் வீட்டுக்காரர் ஓடிவந்தார்.

"என்னுதுங்க. தகரம் கிழிச்சிருச்சுங்க."

"உங்க காலு அங்க இருக்குது, ரத்தம் இங்க இருக்குதா?" என்றார் தனபால். பொல்லாத மனிதர் இல்லை. எங்கள் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, "போய் வைத்தியம் பாத்துட்டு வாங்க. ஓனரு வாரதுக்குள்ள தரையக் கழுவிருங்க" என்று போய்விட்டார்.

தரையை என் வீட்டுக்காரர்தான் கழுவினார். வீட்டுக்கு வந்ததும் கதவைச் சாத்தி, என்னைக் கட்டிலில் உட்காரவைத்து, கேட்காமலேயே காலைத் தூக்கி மடியில் வைத்துக்கொண்டார். நான் உதறினேன். விடவில்லை. மெட்டி இறங்கிய விரல் கறுத்து, சீழும் ரத்தமுமாக உடைந்திருந்தது. கோழி ஷெட்டில் இத்தனை காலம் இருந்தும் முகம் சுளிக்காத மனிதர், அன்றைக்கு முகத்தைத் திருப்பிக்கொண்டார். அழுகையா நாற்றமா என்று எனக்குத் தெரியவில்லை. அவமானத்தில் எனக்குத்தான் உடம்பு குன்றிப்போனது.

சேலம் பெரிய ஆஸ்பத்திரிக்குப் பஸ் ஏறினோம். அங்கே என்னைப் பார்த்தது ஒரு சின்ன வயசு டாக்டரம்மா. விடிய விடிய வேலை பார்த்த முகம். விரலை அழுத்திப் பார்த்தார், அடிப்பாதத்தைப் பார்த்தார்.

"மெட்டிய இப்பவே வெட்டி எடுக்கணும். விரலைக் காப்பாத்த முடியுமான்னு தெரியல. லேட் பண்ணுனா பாதமே போயிரும்."

"மெட்டியக் கழட்ட வேண்டாஞ் சாமி. விரலோட எடுத்துக்குங்க."

"என்னம்மா சொல்றீங்க?"

"மெட்டி இருக்கறாப்லயே விரல எடுத்துக்குங்க. நான் கழட்டுனதா இருக்கக்கூடாது."

டாக்டரம்மா பேனாவை மேசைமேல் போட்டார். "காலைல இருந்து நாலு பேருக்கு இதே கால், இதே சுகர். நான் சொல்றத ஒருத்தர் கேட்டா என்னம்மா?" என்றார். பாவமாக இருந்தது. ஆனாலும் நான் அசையவில்லை. அந்த வெள்ளிக்கடையில் போனைக் காதில் வைத்துக்கொண்டு நான் நின்ற நிலை அந்தப் பெண்ணுக்குத் தெரியாது.

என் வீட்டுக்காரர் ஓரமாக நின்றிருந்தார். எதையும் எடுத்துச் சொல்லத் தெரியாத மனிதர். கோழிகளோடு பேசுகிற அளவுகூட மனிதர்களோடு பேசமாட்டார். மெதுவாக என் பக்கத்தில் வந்து, "புள்ள, எனக்கொண்ணு தோணுது" என்றார்.

"என்னங்?"

"அந்த மெட்டில என்ற உசுரு இருக்குதுன்னுதான நெனைக்கிற?"

நான் காலைச் சேலைக்குள் இழுத்துக்கொண்டேன்.

"அப்ப அது என்ற கால்லயே இருக்கட்டும். வெட்டி எடுத்ததும் எனக்குப் போட்டுட்டாப் போச்சு. கழட்டறதில்ல புள்ள இது, எடம் மாத்தறது."

எனக்கு அழுகையும் வந்தது, சிரிப்பும் வந்தது. ஐம்பத்தைந்து வயது ஆள், மீசை நரைத்த ஆள், மெட்டி போட்டுக்கொள்கிறேன் என்கிறார். டாக்டரம்மா அவரையே பார்த்துக்கொண்டிருந்தார். யாராவது சிரித்திருந்தால் நான் ஒத்துக்கொண்டிருக்கமாட்டேன். யாரும் சிரிக்கவில்லை. நான் கண்ணை மூடிக்கொண்டு காலை நீட்டினேன்.

சின்ன ரம்பம் மாதிரி ஒன்றை வைத்து அறுத்தார்கள். அதுவும் எனக்குத் தெரியவில்லை. கண்ணைத் திறந்தபோது அவர் குழாயில் மெட்டியைக் கழுவிக்கொண்டிருந்தார். சொன்ன சொல் தவறாமல் தன் வலது கால் விரலில் மாட்டி, அறுந்த வாயை இரண்டு கையாலும் அழுத்தி நெருக்கினார்.

"பாத்துக்க. இருக்கறேன்ல?"

விரலைக் காப்பாற்ற முடியவில்லை. மறுநாள் எடுத்துவிட்டார்கள். பாதம் தப்பித்தது என்று டாக்டரம்மா சொன்னார். கட்டுப்போட்ட காலைப் பார்த்துக்கொண்டு வார்டில் கிடந்தேன். என் வரிசையில் படுத்திருந்தவர்களில் பாதிப்பேருக்குக் காலில்தான் கட்டு. சிலருக்குக் கட்டுப்போடக் காலே இல்லை. ஒவ்வொரு கட்டிலுக்கும் பக்கத்தில் வேலையை விட்டுவிட்டு வந்த ஒரு ஆள் தரையில் உட்கார்ந்திருந்தது. என் வீட்டுக்காரரும் அங்கேதான் உட்கார்ந்தார், அங்கேதான் தூங்கினார். டீ வாங்க, மருந்து வாங்க, ரிப்போர்ட் வாங்க என்று மாடிப்படி ஏறி இறங்கிக்கொண்டே இருந்தார்.

தனபால் போன் செய்தார். ஷெட்டை எத்தனை நாள் சும்மா விட முடியும், ஓனர் வேறு ஜோடியைப் பார்த்துவிட்டார், சாமானை எப்போது எடுத்துக்கொள்கிறீர்கள் என்று தயங்கித் தயங்கிக் கேட்டார். "சரிங்க, எடுத்துக்கறமுங்க" என்றார் இவர். போனை வைத்துவிட்டு, கொஞ்ச நாள் ஓமலூரில் மகள் வீட்டில் இருந்துகொள்ளலாம் என்றார். அதற்கு அப்புறம் என்ன என்று நான் கேட்கவில்லை. சண்டை போடக்கூட எங்களுக்குத் தெம்பில்லை.

அன்று மத்தியானம் சாப்பிட்டுவிட்டுத் துண்டை விரித்து என் கட்டிலுக்குக் கீழே காலை நீட்டிப் படுத்தார். மெட்டி இருக்கிறதா என்று நான் எட்டிப் பார்த்தேன். பார்க்காமல் இருந்தால் எனக்கு நிம்மதி இல்லை. மெட்டி இருந்தது. அதைச் சுற்றி விரல் சிவந்து பளபளவென்று உப்பியிருந்தது. அறுந்த முனை ஒரு பக்கமாகச் சதையைக் கிழித்துக்கொண்டு உள்ளே போயிருந்தது. ஓரத்தில் மஞ்சளாகக் கசிவு.

"ஏனுங்க! காலு வலிக்கலீங்களா?"

"இல்லியே. எதுக்குக் கேக்கற?"

டிரிப்ஸ் ஊசி குத்திய கையோடு கட்டிலைப் பிடித்துக்கொண்டு தரையில் இறங்கி உட்கார்ந்தேன். பக்கத்துக் கட்டில்காரி சத்தம் போட்டாள். அவர் எழப் பார்த்தார். நான் அவர் காலை இழுத்து மடியில் வைத்துக்கொண்டேன்.

"கழட்டோணுமுங்க."

"வேண்டாம் புள்ள. நீ பயந்துக்குவ."

"பயந்துக்கறேன். காட்டுங்க."

அறுந்த வாயை நகத்தால் நெம்பிப் பிரித்தேன். ரத்தத்தோடு வந்தது. அவருக்கு வலிக்கவில்லை. வலிக்கவில்லையே என்றுதான் எனக்குப் பயம் வந்தது. மெட்டியைத் தரையில் போட்டுவிட்டு, "நர்ஸம்மா, இவரு காலப் பாருங்க, மொதல்ல இவரு காலப் பாருங்க" என்று வார்டே திரும்பிப் பார்க்கக் கத்தினேன்.

வந்து துடைத்து மருந்து வைத்துக் கட்டினார்கள். நல்லவேளை, மேலோட்டமான புண்தான், ஆறிவிடும் என்றார்கள். அவர் அசதியில் அப்படியே தூங்கிப்போனார். என்னைக் கட்டிலில் ஏறிப் படுக்கச் சொன்னார்கள். நான் ஏறவில்லை. அவர் நெஞ்சின் மேல் கையை வைத்துக்கொண்டு தரையிலேயே உட்கார்ந்திருந்தேன். மூச்சு ஏறியது, இறங்கியது. டாக்டர்கள் சொல்வதுதான் சரி, நான் நினைத்ததெல்லாம் தப்பு என்றே இருக்கட்டும். கையை எடுக்க மட்டும் எனக்குத் தைரியம் வரவில்லை.