ஸெய்னுதீனின் வாய்க்குள் சுழன்ற சில்லுகள்

1957இல் வெள்ளைக்காரக் கடற்படை திருகோணமலைத் துறைமுகத்தை ஒப்படைத்துவிட்டுப் போன கிழமை, இரகசியச் செய்தி அடிக்கும் மெசின்களைப் படகில் ஏற்றிக்கொண்டுபோய் ஆழத்தில் போட்டார்கள். அடுத்த நாள் காலையிலிருந்து ஸெய்னுதீன் பேசிய சொற்களெல்லாம் வேறு சொற்களாக வெளியே வந்தன. யுத்த காலம் தொட்டு அந்த மெசின்களுக்குள் இருக்கும் சில்லுகளை, எழுத்துப் பொறித்த அந்தச் சின்னச் சக்கரங்களை, கழற்றித் துடைத்து எண்ணெய் போட்டவர் அவர்தான். ஒரு எழுத்தை அழுத்தினால் உள்ளே சில்லுகள் சுழன்று வேறொரு எழுத்தைத் தள்ளும். சில்லுகளின் வைப்பை நாளுக்கு நாள் மாற்றுவார்கள். நேற்றைய வைப்புத் தெரிந்தவனுக்கு இன்றைய செய்தி விளங்காது. மெசினைக் கடலில் போட்டவர்கள் அதன் குணத்தை எங்கே போடுவது என்று யோசிக்கவில்லை போலும். அது ஸெய்னுதீனிடம் குடிவந்துவிட்டது.

பொருளுக்குப் பொருள் மாறியது, ஆள் பெயருக்கு ஆள் பெயர் மாறியது. இன்றைக்குக் கடையில் பாண் ரொட்டி கேட்டால் சுண்ணாம்பு என்று வரும், நாளைக்குக் கேட்டால் குடை என்று வரும். எழுதினாலும் அதே கூத்துத்தான். அவருடைய காதுக்கு மட்டும் தான் சொன்னதெல்லாம் சரியாகவே கேட்டது. ஊர் எதற்குத்தான் பழகாது? கடைக்கார ஜவாஹிர் அவர் கை நீட்டும் பக்கத்தைப் பார்த்துப் பாணை எடுத்துக் கொடுத்தான்.

பழகாதவள் அவருடைய மனைவி ஸல்ஹா. சுண்ணாம்பையும் குடையையும் அவள் பொறுத்தாள். பின்னேரம் வேலையால் வந்து, கிணற்றடியில் கால் கழுவியதும் மனுசன் வாய் திறந்து முதலில் சொல்வது ஒரு பெண்ணின் பெயர். ஒருநாள் மைமூனா, மறுநாள் ஸுல்பிகா. எந்தப் பெண்சாதி பொறுப்பாள்? கிண்ணியாவில் ஒரு மைமூனா இருக்கிறாள் என்று கேள்விப்பட்டுத் தோணியில் துறை கடந்து போய்ப் பார்த்தாள். வந்தவளுக்குச் சந்தேகம் கூடியதே தவிரக் குறையவில்லை, ஏனென்றால் மைமூனா வடிவாக இருந்தாள்.

“ஆரு அவள்? சொல்லுங்களன்” என்று கேட்டாள். அவர் அல்லாஹ்வின் பெயரால் சத்தியம் செய்தார். அது “நங்கூரம், நங்கூரம்” என்று வந்தது. தலையை ஆட்டி மறுத்தார். இன்னொருத்தியை வைத்திருப்பவனும் அப்படித்தானே ஆட்டுவான்? அன்றைக்கு அவருடைய பாயைச் சுருட்டி முன் அறையில் எறிந்தாள். அது அங்கேயே கிடந்தது. அரசாங்கங்கள் மாறின, பங்கீட்டு அரிசி பாதியாகக் குறைந்தது, ஸல்ஹாவின் தலை நரைத்தது.

1971இல் நாட்டில் குழப்பம் வந்தபோது பொலிஸுக்கும் சந்தேகம் வந்தது. பின்னேரத்துக்கு ஒரு பெண் பெயர் சொல்கிறவன் உளவாளியாகத்தான் இருப்பான் என்று, கடற்படை வயர்லஸில் இருந்து இளைப்பாறிய இராசதுரையைக் கூட்டிவந்து ஸெய்னுதீன் வீட்டு வேலிக்கு வெளியே இருத்தினார்கள். கிழமைக் கணக்காக அவர் கேட்டார். பிறகு ஸல்ஹாவிடம் வந்தார்.

“இவர் உளவாளி இல்லை, தங்கச்சி. உளவாளி எண்டால் எப்பவோ பிடிபட்டிருப்பார். ஒவ்வொரு நாளும் செய்தியை ஒரே சொல்லோட தொடங்குறவனைத்தான் யுத்தத்தில லேசாப் பிடிச்சவங்கள். யுத்தம் முடிஞ்ச பிறகும் எத்தினையோ நாடு இந்த மாதிரி மெசினை நம்பிக் கதைச்சுது, ஒட்டுக்கேட்டவன் கேட்டுக்கொண்டே இருந்தான். இவரும் அந்தப் பிழையைத்தான் விடுறார். பின்னேரம் முதல்ல அவர் சொல்ல நினைக்கிறது எப்பவும் ஒரே பேர்தான், வெளியில வரேக்கதான் மாறுது.”

“எந்த மூதேவிட பேர் அது?”

“அது எனக்குத் தெரியாது. ஆனா அந்தச் சில்லுகளுக்கு ஒரு குணம் இருக்கு. ஒரு எழுத்தை வேற எதாவெண்டாலும் மாத்தும், அதே எழுத்தை மட்டும் திருப்பித் தராது. இவரிட்ட பேரும் அப்பிடித்தான். இவ்வளவு காலத்தில எந்தப் பேர் இன்னும் வரேல்லை எண்டு யோசிச்சுப் பாருங்கோ.”

ஸல்ஹா யோசித்தாள். தோப்பூர்ப் பெண்கள் வந்துவிட்டார்கள், தம்பலகாமத்துப் பெண்களும் வந்துவிட்டார்கள். அவளுடைய உம்மாவின் பெயர், மாமியின் பெயர், பால்காரியின் பெயர் எல்லாம் பலமுறை வந்துவிட்டன. வராத பெயர் ஒன்றே ஒன்றுதான். அது அவளுடையது.

“அல்லாஹ்வே, பாவி மனுசன்” என்று சொல்லி, குசினிக் கதவைப் பிடித்துக்கொண்டு அழுதாள். இராசதுரை, குற்றம் எதுவுமில்லை என்று பொலிஸுக்குச் சொல்லப் போய்விட்டார்.

ஸல்ஹா முன் அறைப் பாயை எடுத்து உதறி, உள்ளே தன் பாயோடு சேர்த்துப் போட்டாள். பின்னேரம் ஸெய்னுதீன் வந்து கால் கழுவினார்.

“அன்னலட்சுமி” என்றார்.

“ஓம், வாறன்” என்றாள் ஸல்ஹா.

மறுநாள் அவள் உம்மு குல்சுமாக இருந்தாள். அதற்கும் “ஓம்” என்றாள்.