கட்டுக்கம்பி

விடியும் முன்பே தகடு அழுத்தும் ஒன்பது பிரஸ் மெஷின்களும் அடிக்கத் தொடங்கிவிட்டன. ஒவ்வோர் அடியும் தரையை உலுக்கி, கேமராக்காரியின் குதிகால் வழியாகப் பல்வரைக்கும் ஏறியது. பன்னிரண்டு வருஷத்தில் ஏழு ஆவணப்படம் எடுத்திருந்தாள். ஏழும் மூச்சுப்படும் தூரத்தில் நின்று எடுத்த முகங்கள். அவள் பேர் வாங்கியதே அதற்குத்தான்.

எட்டாவது முகம், எல்லாரும் சித்தப்பு என்று கூப்பிடும் மெஷின்காரருடையது.

"இன்னுமா என் மூஞ்சி முடியல? பொண்டாட்டிகூட இவ்ளோ நேரம் பாத்ததில்லம்மா."

பக்கத்தில் தகடு அடுக்கிய மனைவி விடவில்லை. "பாக்குற மாதிரி இருந்தா பாத்திருக்க மாட்டேனா?"

சித்தப்பு சிரித்தார். அச்சு இறங்கியது. நான்கு விரல்கள் தகட்டோடு தகடாய் நசுங்கின. லென்ஸெல்லாம் ரத்தம்.

மதியம் முதலாளி கேமராக்காரியைத் தனியே கூப்பிட்டார். குரலில் தேன்.

"அந்தப் படத்தக் குடும்மா. கேமராவப் பாத்து இளிச்சான், கை போச்சு. ஃபேக்டரி இன்ஸ்பெக்டர் வந்ததும் காட்டணும்."

ஒன்பது மெஷினிலும் கை உள்ளே போகாமல் மறிக்கும் கூண்டை, வேலை வேகமாக ஓடவேண்டுமென்று மேலே தூக்கிக் கம்பியால் கட்ட வைத்தவர் இவர்தான். காலையில் அந்தக் கம்பி முதலில் படத்தின் ஓரத்தில் பளபளத்தது. முகத்தின் அழகைக் கெடுக்கிறதென்று இன்னும் ஓரடி நெருங்கி, கம்பியைப் படத்துக்கு வெளியே தள்ளியவள் அவள்தான்.

"தரமாட்டேன்," என்றாள்.

ஆஸ்பத்திரியிலிருந்து ரத்தத் துணியோடு திரும்பிய மனைவியிடம் எல்லாவற்றையும் சொன்னாள். கன்னத்தில் பளீரென்று விழுந்தது.

"அவ்ளோ கிட்ட நின்னியே, ஒரு சாண் மேல கண்ணு போகலயா உனக்கு?"

"போச்சுக்கா. பாத்துட்டுத்தான் விட்டேன்."

மனைவி அவளை முறைத்தாள். அதற்குள் சூப்பர்வைசர் கட்டிங் பிளேயரோடு வந்தான். பின்னால் இரும்புக் குழாயோடு நாலு தடியர்கள்.

"இன்ஸ்பெக்டர் வர்றதுக்குள்ள எல்லாக் கம்பியையும் வெட்டிக் கூண்ட இறக்கப் பாக்குறான்டா!" என்று யாரோ கத்தினார்கள்.

மனைவி பாய்ந்துபோய்ப் புருஷனின் மெஷினைக் கட்டிக்கொண்டாள். குழாய் அவள் தோளில் இறங்கியது. பிடி விடவில்லை. மற்ற எட்டு மெஷின்களும் ஒவ்வொன்றாய் நின்றன. அவற்றை ஓட்டியவர்கள் அவளுக்கு இருபுறமும் மெஷின்களை மறித்து வரிசையாய்க் கைகோத்தார்கள். ஒருவனுக்கு மண்டை உடைந்தது, இன்னொருவன் பல்லைத் துப்பினான்.

"கை போனவன் ஒருத்தன். உங்களுக்கென்னடா வந்துச்சு?" முதலாளி அலறினார்.

"எங்க தலைக்கு மேலயும் அதே கம்பிதான்யா தொங்குது!"

கேமராக்காரி பின்னால் நகர்ந்தாள். சுவரில் முதுகு முட்டும்வரை. ஒன்பது கூண்டு, ஒன்பது கம்பி, அத்தனை பேரும் லென்ஸுக்குள் தெரிந்தார்கள். ஓடும் கேமராவைத் தகட்டுக் குவியல்மேல் வைத்துவிட்டு ஓடிவந்து வரிசையில் நுழைந்தாள். முதல் அடியிலேயே மணிக்கட்டு மளுக்கென்றது.

மனைவி அவளைத் திரும்பிப் பார்த்தாள். முகத்தில் கோபம் ஆறவில்லை.

"அந்தக் கைய விடு. இந்தப் பக்கம் வந்து என் இடுப்பப் புடிச்சுக்கோ."

இன்ஸ்பெக்டர் இன்னும் வரவில்லை. ஒரு கம்பிகூட அறுபடவில்லை.